பச்சை வீட்டுக்குப் பாசி பூசிய கதை

சினிமாவில் கலைத்துறை வேலை நன்றாக அமைந்தால் யார் கண்ணிலும் படாது. கண்ணில் பட்டால் திட்டு விழும். பெயிண்ட் டப்பா தூக்கும் சக ஜீவன்களே, உங்களுக்கும் இப்படி ஒரு சுவர் வாய்த்திருக்கும்.

இரண்டு கோட்டு

திருவட்டாறு பக்கம் ஓர் ஓட்டு வீடு பார்த்தோம். ஈரம் ஏறிக் கறுத்த முன்சுவர், அடியில் பாசி. படத்தின் கதைப்படி அது நொடித்துப்போன ஒரு குடும்பத்தின் வீடு. இயக்குநர் அந்தச் சுவரைப் பார்த்ததும் வேறு வீடே வேண்டாம் என்றுவிட்டார். வீட்டுக்காரர் செல்லப்பன் அண்ணாச்சி, பலசரக்குக் கடை வைத்திருப்பவர், சந்தோஷமாகச் சம்மதித்தார்.

மூன்று வாரம் கழித்து வண்டியோடு போய் இறங்கினால் வீடு கிளிப்பச்சையில் நிற்கிறது. அண்ணாச்சி வாசலிலேயே பெருமையாகச் சொன்னார்: "நாலு பேரு பாக்கப்போற வீடுல்லா, அழுக்கா கெடந்தா நமக்குத்தானே கொறச்சல்? ரெண்டு கோட்டு அடிச்சிருக்கேன்."

திரும்பி வந்த அழுக்கு

பழையபடி ஆக்கவேண்டும் என்றதும் அவர் முகம் வாடியது. ஞாயிற்றுக்கிழமை மகள் சுனிதாவுக்கு மாப்பிள்ளை வீட்டார் வீடு காண வருகிறார்களாம். வெள்ளிக்கிழமை படப்பிடிப்பு முடியும், சனிக்கிழமை நானே பச்சை அடித்துத் தருகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன். எந்தத் தைரியத்தில் கொடுத்தேன் என்று இன்றுவரை தெரியவில்லை.

செம்மண் கரைசல், கரித்தூள், ஆறின தேயிலைத் தண்ணீர் என்று, மழைக்குக் கரையாதபடி பசை கலந்து அடுக்கடுக்காகப் பூசினேன். மரத்தூளில் பச்சைச் சாயம் கலந்து பசையால் ஒட்டினால் அசல் பாசி. அண்ணாச்சியின் மனைவி வசந்தா அக்கா இடுப்பில் கை வைத்துப் பார்த்துக்கொண்டே நின்றார். "ஒரு வாரம் தேய்ச்சுக் கழுவினேன். அதே அழுக்க இப்ப நீங்க சம்பளம் வாங்கிட்டுல்லா பூசுதிய."

மழை

வியாழன் பிடித்த மழை சனி வரை விடவில்லை. ஒரு காட்சிகூட எடுக்க முடியாமல் எல்லாம் திங்களுக்குத் தள்ளிப்போனது. ஞாயிறு ஒருநாள் மட்டும் சுவரைப் பச்சையாக்கிவிட்டுத் திரும்ப அழுக்காக்குகிறேன் என்று கெஞ்சினேன். இயக்குநர் செல்போனிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னார்: "கல்யாணம் எப்ப வேணா பண்ணிக்கலாம். இந்தச் சுவர் மறுபடி இப்படி வருமா?"

பாராட்டுதான். ஆனால் அவமானமாக இருந்தது. சுனிதாவிடம் நானே போய் விஷயத்தைச் சொன்னேன். அவள் நர்ஸ், பேச்சு குறைவு. சுவரைப் பார்த்தபடியே சொன்னாள்: "செவரப் பாத்து வேண்டாம்ணு போறவிய போட்டும்ணு அப்பாட்ட சொல்லியாச்சு. ஆனா, போவாண்டாம்ணு இருக்கு அண்ணா."

வீடு காணல்

சிதறாலிலிருந்து மாப்பிள்ளையின் அப்பாவும் அம்மாவும் வந்தார்கள். அப்பா பஸ் ஓட்டி ஓய்வுபெற்றவர். படியேறாமல் சுவரையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் முன்னால் போய், இது சினிமாவுக்கு நான் பூசியது, அடியில் புதுப் பச்சை இருக்கிறது என்று நகத்தால் சுரண்டிக் காட்டினேன்.

அவர் என் கையைப் பிடித்தார். "சொரண்டாண்டாம் மக்கா. எங்க வீட்டுச் செவரு நெசமாவே இப்பிடித்தான். அத எப்பிடிச் சொல்லுகதுண்ணு வழி முழுக்க இவகிட்ட கேட்டுட்டு வந்தேன். இதப் பாத்த பெறவுதான் எனக்குத் தைரியமே வந்துது."

சுனிதாவின் கல்யாணத்துக்கு வீட்டை மறுபடி கிளிப்பச்சையாக்கிக் கொடுத்தேன், படத்தில் அந்தச் சுவர் வரும் காட்சியை வெட்டிவிட்டார்கள், ஆக என் அழுக்குக்கு இதுவரை அமைந்த ஒரே ரசிகர் மாப்பிள்ளையின் அப்பாதான்.