ரகுபதி சொன்ன பம்ப்

தேசிய சேவைக் காலத்தில் ரகுபதி ராணுவ லாரிகளைப் பழுதுபார்த்தவர் என்பது, புக்கிட் பாஞ்சாங்கில் அவர் குடியிருக்கும் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே கோப்பி குடிக்க வருகிற அத்தனை பேருக்கும் தெரியும். அவர் அங்கே வெறும் ஸ்டோர்மேன் என்பது அவருடைய தங்கை மோகனப்பிரியாவுக்கு மட்டும்தான் தெரியும். பட்டறைக்குப் பக்கத்து அறையில் ஒரு சின்ன ஜன்னல். கேட்கிற சாமானை அதன் வழியாக எடுத்துக் கொடுக்க வேண்டும், கையெழுத்து வாங்க வேண்டும், மீதி நேரம் தூங்க வேண்டும். ஸ்பேனரை அவர் கையில் பிடித்ததே எடுத்துக் கொடுக்கத்தான்.

அந்த ஜன்னல் வழியாக அதிகம் போன சாமான், பிரேக்குக்காகக் காற்றை உறிஞ்சி எடுக்கிற வேக்குவம் பம்ப். லாரிக்காரர்கள் அடிக்கடி வந்து அதையே கேட்டார்களாம். இளம் ரகுபதி அதிலிருந்து ஒரு முடிவுக்கு வந்தார்: உலகத்தில் ஓடுகிற எதற்கும் ஒரே நோய்தான், அது வேக்குவம் பம்ப். வேனில் ஏர்கான் குளிரவில்லையா, பம்ப். வைப்பர் பாதிக் கண்ணாடியில் நின்றுவிட்டதா, பம்ப். நாகம்மா சித்தி வீட்டு வாஷிங் மெஷின் தண்ணீரை வெளியேற்றாமல் அடம்பிடித்தபோதும் அவர் இடுப்பில் கைவைத்து நின்று அதையேதான் சொன்னார். சித்தி பேத்தியின் காலுறையை உள்ளேயிருந்து உருவி எடுத்த பிறகு, "அது பம்பைத்தான் அடைச்சிருக்கு" என்றார் ரகுபதி.

கப்பல் கம்பெனி ஆபீஸிலிருந்து ஓய்வு பெற்றதும் இந்த ஞானத்துக்கு ஒரு நிரந்தர இடம் தேவைப்பட்டது. தங்கையின் வேன் கண்ணில் பட்டது.

மோகனப்பிரியா கல்யாண மணவறை வாடகைக்கு விடுகிறவள். ஃபைபர் தூண்கள், சிம்மாசன நாற்காலிகள், ஆளுயரக் குத்துவிளக்குகள், துணி மூட்டைகள் எல்லாவற்றையும் சுங்கை காடுட் கிடங்கிலிருந்து ஏற்றி, தீவின் எந்த மூலையில் மண்டபம் இருந்தாலும் தன் டீசல் வேனில் தானே ஓட்டிப் போவாள். அவள் கணவர் ரத்னவேல் துவாஸில் ஷிஃப்ட் வேலைக்காரர். வேன் பேச்சு எடுத்தால் தூக்கம் வருகிறது என்பார். ஆகவே வேனின் முன்சீட்டு ஒன்று காலியாகவே இருந்தது. அதைத்தான் ரகுபதி பார்த்துக்கொண்டிருந்தார். பணம் காசு வேண்டாம், சும்மா கூட வருகிறேன் என்றார். சும்மா கூட வருவதென்றால் என்னவென்று பிரியாவுக்குத் தெரியும். எந்த லேனில் போக வேண்டும், தூணை எந்தப் பக்கம் சாய்க்க வேண்டும், மாப்பிள்ளை வீட்டாரிடம் எப்படிப் பேச வேண்டும் என்று வாய் ஓயாது. கல்யாணப் பெண்ணுக்குக்கூட எப்படி உட்காருவதென்று சொல்லிக் கொடுப்பார்.

அந்த நேரம் பார்த்துத்தான் பிரேக் முரண்டு பிடிக்க ஆரம்பித்தது. எப்போதுமல்ல. விரைவுச்சாலையில் ஒன்றும் தெரியாது. தேக்கா பக்கம் நெரிசலில் அடுத்தடுத்து மிதித்தால் மட்டும் பெடல் கட்டையாக இறுகி, முழு உடம்பையும் அதன்மேல் ஏற்றினால்தான் வண்டி நின்றது. இதை அவள் ரத்னவேலிடம் சொன்னாள். அவர் போய்ச் சித்தி மகனிடம் சொன்னார். ரகுபதி காதுக்குப் போக அது போதாதா.

சித்தியின் பேத்தி சிவானிக்குக் காதுகுத்து. சொந்தம் மொத்தமும் மண்டபத்தில் கூடியிருந்தது. சாப்பாட்டு வரிசையில் தட்டோடு நின்ற ரகுபதி, முன்னால் பத்துப் பேர் பின்னால் பத்துப் பேர் கேட்கும்படி தங்கைக்கு வைத்தியம் சொன்னார். பெண்பிள்ளை ஓட்டுகிற வண்டி, செருப்புக் காலோடு மிதிக்கிறாள், அது ஒருபுறம் இருக்கட்டும். அடிப்படைக் காரணம் வேக்குவம் பம்ப், ராணுவத்தில் இப்படி எத்தனை பார்த்தாயிற்று என்றார். யாரோ ஒருவர் பயபக்தியோடு தலையாட்டினார். பிரியாவுக்கு அதுதான் பொறுக்கவில்லை.

"அண்ணே, பிறந்ததிலேருந்து இந்த ஒரு பம்பைத்தான் சொல்றீங்க. இந்தத் தடவை மட்டும் அது பம்பா இருந்தா, நாளைக்கே வேன்ல வந்து உக்காருங்க. நீங்கதான் பார்ட்னர். போதுமா?"

எல்லோரும் சிரித்தார்கள். நாகம்மா சித்தி சிரிக்கவில்லை. சித்திக்கு ஞாபகமும் அதிகம், நியாயமும் அதிகம்; குடும்பத்தில் யார் எங்கே என்ன வாக்குக் கொடுத்தார்கள் என்பதை எல்லாம் முந்தானையில் முடிந்து வைத்திருப்பவர். "எல்லாரும் கேட்டுக்கிட்டீங்கல்ல?" என்று மட்டும் கேட்டுவிட்டு அப்பளம் எடுத்துக்கொண்டார்.

வீட்டுக்குப் போகும் வழியிலேயே பிரியா கணக்குப் போட்டுப் பார்த்தாள். அண்ணன் சொன்னது தப்பாகத்தான் இருக்கும். வாழ்நாள் முழுக்க அப்படித்தானே இருந்திருக்கிறது. ஆனால் ஒரே பொய்யைத் திரும்பத் திரும்பச் சொல்கிறவனிடம் ஒரு நாள் உண்மை போய் மாட்டிக்கொள்ளாது என்பதற்கு என்ன உத்தரவாதம்? அந்தப் பயத்தில், பம்ப் என்ற வார்த்தையையே வாயில் எடுக்காமல் வழியில் தென்பட்ட ஒரு பட்டறையில் பிரேக் பேடு மாற்றச் சொன்னாள். மாற்றினார்கள். பிரேக் எண்ணெயையும் மாற்றச் சொன்னாள். சந்தோஷமாக மாற்றினார்கள். பெடல் அப்படியேதான் இருந்தது. அதற்கும் மேல் பல நாள் அதை ஓட்டிக்கொண்டு திரிந்தாள். அண்ணனை மட்டமாக நினைக்கிற சுகம் அவளுக்கு அவ்வளவு பெரிதாக இருந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை தேக்காவில் அந்தச் சுகம் பறிபோனது. சாலை நிறைய ஆட்கள். மிதித்தாள், விட்டாள், மிதித்தாள், விட்டாள். அடுத்த மிதிக்குப் பெடல் அசையவில்லை. இரண்டு காலையும் சேர்த்து அழுத்தினாள். பின்னால் குத்துவிளக்குகள் சரிந்து மோத, வேன் நிறுத்தக் கோட்டைத் தாண்டிப்போய், தோளில் அரிசி மூட்டையோடு கடந்துகொண்டிருந்த ஒருவருக்குக் கை எட்டும் தூரத்தில் நின்றது. அவர் திட்டவில்லை. மூட்டையை இறக்காமலே திரும்பி அவள் முகத்தைப் பார்த்தார், பிறகு நடந்துவிட்டார். திட்டியிருந்தால் தேவலை என்றிருந்தது அவளுக்கு. யாரோ ஊரிலிருந்து பிழைக்க வந்த மனிதர். அவர் இந்த ரோட்டில் விழுந்திருந்தால், அண்ணனை ஜெயிக்க விடக்கூடாதென்றுதான் ஓட்டினேன் என்று யாரிடம் போய்ச் சொல்வது?

மறுநாள் காலை வேனை அப்துல் கையூமின் பட்டறையில் கொண்டுபோய் விட்டாள். கிடங்கிலிருந்து இரண்டு தெரு தள்ளி. கையூம் நல்ல மெக்கானிக், மோசமான மனிதர்; வருகிறவர்களை எல்லாம் தன் காலை உணவைக் கெடுக்க அனுப்பப்பட்டவர்களாகவே பார்ப்பார். பிரியா வண்டியிலிருந்து இறங்கும்போதே பிரேக் பூஸ்டரை மாற்றிவிடுங்கள் என்றாள். பெடலுக்குப் பின்னால் வட்டமாக உட்கார்ந்து, நம் காலின் பலத்தைப் பெருக்கிக் கொடுக்கிற சாமான் அது. நோய் அங்கேயே இருந்துவிட வேண்டும் என்று வழியெல்லாம் வேண்டிக்கொண்டு வந்திருந்தாள்.

கையூம் பரோட்டாவை மென்று முடித்தார். "டாக்டர்கிட்ட போனா, ஒரு கிட்னியை எடுத்துருங்கன்னு நீங்களே சொல்லிருவீங்களா அக்கா?"

எஞ்சினை அணைத்துவிட்டுப் பெடலைப் பலமுறை மிதித்து இறுகவைத்தார். காலை அதன்மேலேயே வைத்துக்கொண்டு சாவியைத் திருப்பினார். எஞ்சின் பிடித்ததும் பெடல் காலுக்குக் கீழே சட்டென்று இறங்க வேண்டும். இறங்கவில்லை. வெகுநேரம் கழித்து, வேண்டாவெறுப்பாக, கொஞ்சம் அமுங்கியது. பிறகு பூஸ்டருக்குப் போகிற குழாயைக் கழற்றி, கைப்பம்பால் பூஸ்டரிலிருந்த காற்றை உறிஞ்சிவிட்டுக் காத்திருந்தார். கைப்பம்பின் அளவுமானி முள் அசையாமல் நின்றது. பூஸ்டரில் ஓட்டை இல்லை. குழாயில் விரிசல் இருக்கலாமே என்றாள் பிரியா. வளைத்துக் காட்டினார், இல்லை. நடுவில் இருக்கும் வால்வு? வாயில் வைத்து ஊதிக் காட்டினார். ஒரு பக்கம் போனது, மறுபக்கம் போகவில்லை, அப்படித்தான் இருக்க வேண்டும். பெடல் கம்பி வளைந்திருக்குமோ என்று கேட்டபோது அவர் குழாயைத் திரும்ப மாட்டிக்கொண்டிருந்தார்.

கடைசியாக, பேட்டரிக்கு மின்சாரம் கொடுக்கிற ஆல்டர்னேட்டர் பக்கம் குனிந்தார். அதன் முதுகில் ஒட்டிக்கொண்டு ஒரு சின்ன உலோக டப்பா, சுற்றிலும் கறுப்பாக எண்ணெய் கசிந்து பிசுபிசுத்துக் கிடந்தது. அதன் வாயில் அளவுமானியைப் பொருத்தி எஞ்சினை ஓடவிட்டார். முள், காலை நீட்டி உட்கார்ந்த கிழவர் எழுந்திருப்பதைப் போல எழுந்து, பாதியிலேயே களைத்து நின்றது.

"பம்ப் போச்சு" என்றார் கையூம்.

பிரியா கண்ணை மூடிக்கொண்டாள். கையூம் தன் வாழ்நாளில் இத்தனை சின்ன ரிப்பேருக்கு இத்தனை பெரிய சோகத்தைப் பார்த்ததில்லை. ஆறுதலாக இருக்கட்டுமென்று விளக்கவும் செய்தார்: பூஸ்டருக்குள் இரண்டு மிதிக்குத்தான் சரக்கு, அதாவது காற்றில்லாத வெற்றிடம், இருக்கும். நல்ல பம்ப் அதை உடனுக்குடன் நிரப்பும். இது தேய்ந்த பம்ப், மெதுவாகத்தான் நிரப்பும். விரைவுச்சாலையில் எப்போதோ ஒரு மிதி, அதற்குள் நிரம்பிவிடும். தேக்காவில் எப்படி நிரம்பும்?

மதியத்துக்குள் பம்ப் வந்தது. பேட்டரி வயரைக் கழற்றி, பெல்ட்டைத் தளர்த்தி, எண்ணெய்க் குழாய்களைப் பிரித்து, ஆல்டர்னேட்டரோடு சேர்த்து வெளியே எடுத்தார். பழைய பம்பைத் திறந்து காட்டினார். உள்ளே சுவரை உரசிச் சுழல வேண்டிய தகடுகள் தேய்ந்து, ஓரம் சிதைந்திருந்தன. புதியதற்குப் புது ரப்பர் வளையம் போட்டு, முதல் சுழற்சியிலேயே காய்ந்துபோய் உரசாமலிருக்க உள்ளே கொஞ்சம் எண்ணெய் விட்டு மாட்டினார். எஞ்சினை ஓடவிட்டு, குழாய் வாயில் கட்டைவிரலை வைக்கச் சொன்னார். குழந்தை விரலைச் சப்புவது போலப் பிடித்து இழுத்தது. இவ்வளவு நன்றாக வேலை செய்கிற ஒரு பொருளைப் பார்த்து அவளுக்கு அவ்வளவு எரிச்சல் வந்ததில்லை.

கிடங்குக்குத் திரும்புகையில், பூஸ்டர்தான் போயிருந்தது என்று சொல்லிவிடலாமே என்று தோன்றியது. கையூம் எதற்குச் சித்தி வீட்டுப் பக்கம் வரப்போகிறார்? யோசித்தாள். அரிசி மூட்டைக்காரரின் முகம் நினைவுக்கு வந்தது. அது போக, பொய் சொல்வதற்கும் ஒரு தராதரம் உண்டு. பயப்படத்தக்கவர்களிடம்தான் பொய் சொல்ல வேண்டியிருக்கும். ரகுபதிக்காக ஒரு பொய்யைச் செலவு செய்தால் அவரைப் பெரிய மனிதராக்கியது போலாகிவிடும். அந்த மரியாதையை அவருக்குக் கொடுக்க அவள் தயாராக இல்லை.

சனிக்கிழமை காத்தோங் கோவிலில் ஒரு கல்யாணம். வேனில் சாமான்களை ஏற்றிக்கொண்டு, போகிற வழியில் சித்தியின் புளோக்குக் கீழே நிறுத்தினாள். சித்தியும் ரகுபதியும் கல் மேசையில் உட்கார்ந்திருந்தார்கள். ரகுபதியின் பின்பாக்கெட்டிலிருந்து சுமை தூக்கும் கையுறை புத்தம்புதிதாக ஒரு ஜோடி எட்டிப் பார்த்தது, அட்டைகூடக் கிழிக்காமல். பிரியா பார்த்துவிட்டாள். பார்ட்னர் தயாராகவே வந்திருக்கிறார்.

"அண்ணே, வேக்குவம் பம்ப்தான். மாத்திட்டேன். நீங்க சொன்னதுதான் சரி" என்றாள் ஒரே மூச்சில், மாத்திரை விழுங்குவது போல.

ரகுபதி அவளைப் பரிதாபமாகப் பார்த்தார். "எந்த மடையன் சொன்னது?"

விஷயம் இதுதான். இடைப்பட்ட வாரங்களில் ரகுபதி கைத்தொலைபேசியில் ஒரு வீடியோ பார்த்திருந்தார். யாரோ ஒரு வெளிநாட்டுக்காரர், பிரேக் கோளாறு எல்லாவற்றுக்கும், சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் பார்த்துக்கொள்கிற ஏபிஎஸ் சென்சார்தான் காரணம் என்று அதில் சொல்லியிருந்தார். ரகுபதி அதைச் சொந்தக்காரர்கள் அனைவருக்கும் அனுப்பிவிட்டார். தங்கை வேனுக்கும் இதுதான் என்று கீழே எழுதியும் விட்டார். வாலிப வயதிலிருந்து உடும்பாகப் பிடித்திருந்த பம்பை, அது உண்மையாகிற நேரம் பார்த்து அவர் கைவிட்டிருந்தார்.

"நீதானேடா காதுகுத்துல பம்புன்னே?" என்றார் சித்தி.

"அது அப்போ, சித்தி. அப்ப எனக்கு டேட்டா இல்ல. இந்தக் காலத்து வண்டில பம்பு போகவே போகாது லா. இவள நல்லா ஏமாத்திருக்கான்."

"பழசைத் திறந்து பார்த்தேன் அண்ணே. தகடெல்லாம் தேஞ்சு கெடக்கு. இப்ப பிரேக் வெண்ணெயா இருக்கு."

"இருக்கும். பேட்டரி வயரக் கழட்டி மாட்டினான்ல? அதுல ஏபிஎஸ் ரீசெட் ஆயிருக்கும்."

சித்தி ரகுபதியின் பின்பாக்கெட்டைப் பார்த்தார், பிறகு பிரியாவைப் பார்த்தார். ஒரு "ஆமாம்" போதும், காலி சீட்டு ரகுபதியுடையது. அதைச் சொல்லத்தான் கையுறை வாங்கிக்கொண்டு வந்திருக்கிறார், வாங்கும்போது இந்த வீடியோவை மறந்துவிட்டிருக்கிறார். இப்போது எல்லோருக்கும் அனுப்பியதைத் திரும்பப் பெற வழியில்லை. பிரியாவுக்கே ஒரு கணம் பாவமாக இருந்தது.

"கடைசியா கேக்கறேன் அண்ணே. பம்பா, ஏபிஎஸ்ஸா?"

ரகுபதி வேனைப் பார்த்தார். முன்சீட்டைப் பார்த்தார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"ஏபிஎஸ்" என்றார்.

"அவனே இல்லைங்கறான். அப்புறம் வாக்கு என்ன வாக்கு?" என்றார் சித்தி. வழக்கு முடிந்தது.

பிரியா ஏறி உட்கார்ந்து கதவைச் சாத்தினாள். வேனைப் பின்னால் எடுக்க வேண்டியிருந்தது. ரகுபதி எழுந்து வேனுக்குப் பின்னால் போய், பாக்கெட்டிலிருந்த கையுறைகளை எடுத்து அட்டையைக் கிழித்து நிதானமாக மாட்டிக்கொண்டார். இரண்டு கைகளையும் உயர்த்தி, வா, வா என்று அவளை நேராகக் குப்பைத் தொட்டியின்மேல் ஏற்ற வழிகாட்டினார். அவள் கண்ணாடியைப் பார்த்து வண்டியைத் திருப்பி, பிரேக்கை ஒருமுறை மெல்லத் தொட்டுவிட்டு, சாலைக்கு வந்தாள்.