மழைக்கோட்டுப் பாட்டு

எங்கள் சித்தப்பாவைப் பார்த்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். மனுஷனுக்குக் கையில் போன் இருந்தால் போதும், சாவு வீடும் கல்யாண வீடும் ஒன்றுதான்.

எனக்குப் பத்து வயதிருக்கும்போது அம்மாவின் அப்பா இறந்துபோனார். தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டு வாசலில் சவப்பெட்டியை வைத்திருந்தார்கள். அம்மா தலைமாட்டில் உட்கார்ந்து ஒப்பாரி வைத்தாள். எங்கள் ஒப்பாரிக்கு எழுதிவைத்த வரி கிடையாது. செத்தவர் செய்ததும் செய்யாமல் விட்டதும் வாய்க்கு வந்தபடி பாட்டாகும். "மழைக்கோட்டு வாங்கியாறேன்னு போனீங்களே அப்பா, மலையில நான் நனையுறேனே அப்பா" என்று இழுத்து அழுதாள். தானா ராத்தா டவுன் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பியபோது தாத்தா அப்படித்தான் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

சித்தப்பா அதை வீடியோ எடுத்து ஏதோ ஆப்பில் போட்டார். எவனோ ஒரு புண்ணியவான் அதிலிருந்த 'அப்பா'வையெல்லாம் வெட்டி எறிந்துவிட்டு, 'மழைக்கோட்டு, மழைக்கோட்டு' என்பதற்கு மட்டும் குத்துத் தாளம் போட்டான். அவ்வளவுதான். ஊர் பேர் தெரியாததெல்லாம் மழைக்கோட்டை மாட்டிக்கொண்டு இடுப்பை ஆட்டின. பள்ளிக்கூடத்திலும் அதே ஆட்டம். அம்மா பிரபலமாகிவிட்டாள் என்று எனக்குத் தலைகால் புரியவில்லை.

ஒரு நாள் பிரிஞ்சாங் பாசார் மாலாம் ராத்திரிச் சந்தையில், சோளம் விற்கும் கடையில் அதைச் சத்தமாக வைத்திருந்தார்கள். அம்மா காய்கறிப் பையைக் கீழே போட்டுவிட்டு, "நிப்பாட்டுடா! அது எங்கப்பா சாவுடா!" என்று கத்தினாள்.

கடைக்காரப் பையனுக்கு முகமெல்லாம் சிரிப்பு. "ஐயோ அக்கா, நீங்கதானா அது! ஒரு தடவ பாடுங்க லா" என்று போனை நீட்டினான். சுற்றி நின்றவர்களும் நீட்டினார்கள்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா சித்தப்பாவிடம், "அத அழிச்சிடு தம்பி" என்றாள்.

"நான் அழிச்சாலும் போகாது அண்ணி. எல்லார் போன்லயும் இருக்கு. கோவப்படாதீங்க லா, நம்ம லயத்துக்கே பேரு!" என்றார் அவர்.

பேராம் பேரு! நாசமாய்ப் போன பேரு.

அடுத்த சில வருஷங்களில் என் அப்பா இறந்தார். பெட்டியைச் சுற்றி உட்கார்ந்த பெண்கள் அம்மாவின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெண்டாட்டிதான் தொடங்க வேண்டும். அம்மா அங்கிருந்த ஒவ்வொருவர் கையையும் பார்த்தாள். பிறகு சேலைத் தலைப்பைச் சுருட்டி வாயில் திணித்துக்கொண்டாள். பெட்டியை வேனில் ஏற்றும்வரை எடுக்கவில்லை.

"என்ன நெஞ்சழுத்தம் பாரு இவளுக்கு" என்றாள் அத்தை.

அம்மாவுக்கு அப்பாமேல் பாசமே இருந்ததில்லை போலிருக்கிறது என்று நானும் நம்பினேன்.