முதல் எதிர்மனுதாரர்

செல்வராசு இறந்த செய்தியை அவர் மனைவி தேன்மொழிதான் போனில் சொன்னார். அப்போது பாபநாசத்தில் என் வீட்டு அடுப்பில் குக்கர் கத்திக்கொண்டிருந்தது. "டீச்சர், அவரு போயிட்டாருங்க. காலையில நெஞ்சு வலிக்குதுன்னு படுத்தாரு, அவ்வளவுதான். ஒங்களுக்குச் சொல்லணும்னு தோணுச்சு" என்றார். அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்தேன். இதை யாரிடம் சொல்லி அழுவது என்று தெரியவில்லை. யாரிடம் சொன்னாலும், அவர் உங்களுக்கு என்ன வேணும் என்றுதான் முதலில் கேட்பார்கள். கோர்ட்டுக் காகிதத்தில் மட்டும் அதற்குப் பதில் உண்டு. நான் மனுதாரர். அவர் முதல் எதிர்மனுதாரர்.

லோடு வண்டி ஸ்டாண்டில் அவருடன் இருந்த நீங்கள், அவருடைய நினைவு மலரில் போட என்னையும் நாலு வரி எழுதச் சொன்னீர்கள். உங்களுக்கு அவர் லோடு வண்டி செல்வராசு. நான் பார்த்தபோது வலங்கைமான் போகும் தனியார் பஸ்ஸின் டிரைவர். அந்தப் பஸ்ஸிலிருந்து இறங்கும்போதுதான் விழுந்தேன். பின்சக்கரம் வலது காலில் ஏறிவிட்டது.

இன்னொரு ஆபரேஷன் செய்தால் காலை ஊன்றி நடக்கலாம், இல்லாவிட்டால் காலம் முழுக்க ஊன்றுகோல்தான் என்று டாக்டர் சொல்லிவிட்டார். தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர் நான். படுத்துவிட்டால் சம்பளம் கிடையாது. வீட்டில் அம்மா மட்டும். ஆகவே நஷ்டஈடு கேட்டுத் தஞ்சாவூரில் வழக்குப் போட்டோம். ஓடுகிற பஸ்ஸிலிருந்து நானே குதித்தேன் என்று இன்சூரன்ஸ் கம்பெனி பதில் மனு போட்டது. பஸ் முதலாளியும் அதையே சொன்னார். கண்டக்டரும் ஒத்து ஊதினார். அது நிரூபணமானால் தப்பு என்னுடையதாகிவிடும், ஆபரேஷனை மறந்துவிட வேண்டியதுதான். அதைச் சொல்லவைக்கத்தான் டிரைவரைத் தங்கள் தரப்புச் சாட்சியாகக் கூட்டிவந்தார்கள். கோர்ட் வராந்தாவில் அவரைப் பார்த்ததும் அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நானும்தான்.

கூண்டில் அவர் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். "டீச்சர் ஒரு கால கீழ வெச்சாங்க. இன்னொரு கால் படியில இருந்துச்சு. பின்னாடி வண்டி வந்துருச்சேன்னு அவசரத்துல நான் எடுத்துட்டேங்க. கண்டக்டர் விசில் குடுக்கல" என்றார். கம்பெனி வக்கீலுக்கு முகம் செத்துவிட்டது. "நீங்க யாரு பக்கத்து சாட்சி?" என்று கேட்டார். "நடந்ததச் சொல்லச் சொன்னாங்க, சொன்னேங்க" என்றார் செல்வராசு. கண்டக்டர் வெளியே போய் முதலாளிக்குப் போன் போட்டார். அன்று சாயங்காலமே செல்வராசுவுக்கு வேலை போய்விட்டது.

தீர்ப்பு எனக்குச் சாதகமாக வந்தது. சில நாள் கழித்து ஒரு வாழைத்தாரைத் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். அம்மா உள்ளே கூப்பிடவில்லை, நான்தான் கூப்பிட்டேன். நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

"டீச்சர், நான் கட்ட வேண்டியத கொஞ்சம் கொஞ்சமா வாங்கிக்குவீங்களா? ரெண்டு மா நெலம் இருக்கு. ஜப்தின்னு வந்துட்டா புள்ளைங்க தெருவுல நிக்கும்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பணம் தரப்போவது இன்சூரன்ஸ் கம்பெனி, நீங்கள் ஒரு பைசாகூடக் கட்ட வேண்டாம் என்று விளக்கினேன். அவர் நம்பவில்லை. "நோட்டீஸுல எம் பேருதாங்க மொதல்ல இருந்துச்சு" என்றார். பயணிக்கு அடிபட்டால் கொடுப்பதற்காகத்தான் பஸ்ஸுக்கு இன்சூரன்ஸ் கட்டுகிறார்கள் என்பதை அந்த மனிதருக்கு ஒருவரும் சொல்லவில்லை. முதலாளி சொல்லவில்லை, வக்கீல் சொல்லவில்லை. பயந்து கிடந்தால்தானே சொன்னபடி கேட்பார். அப்புறம்தான் எனக்கு உறைத்தது.

"அப்ப, நெலம் போயிடும்னு நெனச்சுக்கிட்டா கூண்டுல அப்படிச் சொன்னீங்க?"

"ஆமாங்க. நடந்தது அதுதானுங்களே."

அம்மா எழுந்து போய் அவருக்குக் காப்பி போட்டுக் கொண்டுவந்தாள்.

ஆபரேஷன் ஆயிற்று. ஊன்றுகோலை எடுத்துப் பரணில் போட்டேன். நடக்கிறேன், கொஞ்சம் சாய்ந்து நடக்கிறேன். விழுந்த புதிதில் ஊரே கால் எப்படி இருக்கிறது என்று கேட்டது. பிறகு எல்லோருக்கும் பழகிவிட்டது. துபாயிலிருந்து தம்பி பேசும்போது மழை பெய்கிறதா என்று கேட்பான். அம்மாவும் போய்ச்சேர்ந்த பிறகு கேட்டவர் செல்வராசு ஒருவர்தான். கொள்முதல் நிலையத்துக்கு நெல் மூட்டை ஏற்றிப் போகும் வழியில் வாசலில் வண்டியை நிறுத்துவார். இன்ஜினை அணைப்பார். "கால் எப்படிங்க இருக்கு, டீச்சர்?" என்பார். "தேவலாம், டிரைவர்" என்பேன். தலையாட்டிவிட்டுக் கிளம்புவார். வண்டியை எடுக்குமுன் கழுத்தை வெளியே நீட்டிப் பின்னால் பார்ப்பார். "கண்ணாடியில பாத்தா பத்தாதுங்க, திரும்பிப் பாக்கணும்." உங்களிடமும் இதைச் சொல்லிச் சொல்லிச் சலிப்பேற்றியிருப்பார்.

வாரத்தில் நான் பள்ளிக்கூடத்துக்கு வெளியே பேசியது அந்த ஒரு வார்த்தை மட்டும்தான் என்று இருந்த வாரங்கள் உண்டு. எனக்கு அது போதுமாயிருந்தது.

சாவுக்குப் போயிருந்தேன். பெண்கள் கூட்டத்தில் ஓரமாக நின்றேன். "யாருங்க நீங்க?" என்று ஒரு அம்மாள் கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் தேன்மொழி அழுகையினூடே சொன்னார்: "அவரு வண்டியில அடிபட்டாங்களே, அந்த டீச்சர்." கூட்டம் ஒரு நிமிடம் என் காலைப் பார்த்தது. பிறகு அந்த அம்மாள் பாயில் நகர்ந்து எனக்கு இடம் விட்டார். கீழே உட்கார்ந்தால் எழுந்திருப்பது சிரமம். இருந்தாலும் உட்கார்ந்தேன்.

அவருடைய போட்டோ ஒன்றுகூட என்னிடம் கிடையாது. எனக்கு அவர் விட்டுப்போனது இந்தக் கால்தான். மழை பிடித்தால் முழங்காலுக்குக் கீழே குடையும். இத்தனை வருஷமும் "தேவலாம்" என்றே சொல்லிவந்தேன்; அவரும் ஒருநாளும் நம்பியதில்லை. நேற்றிரவு மழை. இதுவரை இந்த வலி எங்கள் இரண்டு பேருக்கும் பொதுவாக இருந்தது. இனி எனக்கு மட்டும்தான்.