இடப்பக்கம் வரும் பந்து

கஜமுகன் நவரத்தினத்தை நான் முதலில் பார்த்தது ஒரு கணினித் திரையில். நியூ ஜெர்சியின் பிஸ்கட்டவேயில் முதுகலை படித்துக்கொண்டிருந்தேன். பல்கலைக்கழகக் கால்பந்து அணியின் பயிற்சி வீடியோக்களை வெட்டி, எந்தத் துண்டு எந்த ஆட்டக்காரனுக்கு என்று பிரித்து வைக்கும் பகுதிநேர வேலை கிடைத்தது. இந்த விளையாட்டில் அரிச்சுவடிகூடத் தெரியாது என்று முதல் நாளே சொல்லிவிட்டேன். "ரொம்ப நல்லது, வேலையை விட்டுவிட்டு ஆட்டத்தை ரசித்துக்கொண்டிருக்க மாட்டாய்" என்றார் அந்த அறையின் பொறுப்பாளர்.

அமெரிக்கர்கள் ஆடும் இந்த ஆட்டத்துக்குப் பெயர்தான் கால்பந்து. பந்தைக் காலால் தொடுவது அபூர்வம். ஒருவர் எறிவார். மைதானத்தின் ஓரத்திலிருந்து புறப்பட்டு, எதிரணிக்காரனை ஏமாற்றிவிட்டு ஓடி, அந்தப் பந்தைப் பிடிப்பவர் வைட் ரிசீவர். இவ்வளவு எனக்குப் புரியவே பல வாரம் ஆயிற்று. ஆனால் திரையில் ஓடிய ஒரு ரிசீவரின் சட்டை முதுகில் ஒரு தோளிலிருந்து மறு தோள் வரை வளைந்து கிடந்த நவரத்தினம் என்ற பெயர் முதல் நாளே புரிந்துவிட்டது.

ஒரு நாள் நடைபாதையில் எதிரே வந்தான். சும்மா இருக்க முடியவில்லை.

"தமிழா?"

"ஓம். ஐ மீன், யெஸ்." அவன் முகத்தில் அவ்வளவு ஆச்சரியம். "நீங்க எந்த ஊர், ப்ரோ?"

"கோபிசெட்டிபாளையம்."

"அது எங்க இருக்கு?"

"நீ எந்த ஊரு?"

"பேர்லேண்ட்."

"அது எங்க இருக்கு?"

இரண்டு பேரும் சிரித்தோம். அன்றிலிருந்து நான் அவனுக்கு ஜேபி. என் முழுப்பெயர் ஜெயபிரகாஷ் என்பதை அவன் இன்றுவரை சொல்லிக் கேட்டதில்லை.

பேர்லேண்ட், டெக்சஸில் ஹூஸ்டனுக்குப் பக்கத்தில் இருக்கிறது. அவன் அப்பா நவரத்தினம் சிவில் இன்ஜினியர். அம்மா குமுதினி ஒரு மருத்துவமனையில் பார்மசிஸ்ட். இருவரும் யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர்கள். பேர்லேண்டில் வெள்ளிக்கிழமை மாலை என்றால் பள்ளிக்கூட மைதானத்தில் ஆட்டம் இருக்கும், மொத்த ஊரும் அங்கே இருக்கும். ஆனால் கஜன் அணியில் சேர்ந்தது அதனால் இல்லை. படிப்பைத் தாண்டி ஒரு விளையாட்டும் இருந்தால் கல்லூரி விண்ணப்பம் எடுப்பாக இருக்கும் என்று அவன் அப்பாதான் சேர்த்துவிட்டார். விண்ணப்பத்துக்காகச் சேர்ந்தவன் வேகமாக ஓடித் தொலைத்தான். பிறகு அவனை யாராலும் வெளியே இழுக்க முடியவில்லை.

கல்லூரி அணியில் அவனை யாரும் அழைத்துச் சேர்க்கவில்லை. தானே போய்த் தேர்வில் ஓடிக்காட்டி இடம் பிடித்தான். முதல் இரண்டு வருடம் பயிற்சிக்கு மட்டும் ஆள். மூன்றாம் வருடம் ஆட்டங்களில் இறக்கினார்கள். அந்த வருடம்தான் நான் அங்கே போய்ச் சேர்ந்தது.

அவனுக்கு ஒரே ஆசை. படிப்பு முடிந்தபின் தொழில்முறை அணியில், ஒரே ஓர் ஆட்டத்திலாவது களம் இறங்க வேண்டும். வீட்டில் அதற்கு ஓர் ஒப்பந்தம் இருந்தது. அது நடக்காவிட்டால் மறுபேச்சில்லாமல் பல் மருத்துவம் படிக்கப் போக வேண்டும்.

அந்த ஆசைக்குக் குறுக்கே நின்றது அவன் இடப்பக்கம்தான். வலப்பக்கம் வரும் பந்து பசை வைத்ததுபோல் கையில் ஒட்டும். இடப்பக்கம் வந்தால் உடம்பு முழுவதையும் திருப்பி, வலது கையை முன்னால் கொண்டுவந்து பிடிப்பான். திரும்புகிற அந்தக் கண நேரத்தில் எதிரணிக்காரன் வந்து பந்தைத் தட்டிவிடுவான். பயிற்சியாளர் நான் வெட்டிக் கொடுத்த துண்டுகளை அவன் முன்னால் வரிசையாக ஓடவிட்டார். தோளில் வலியா என்று கேட்டார். இல்லை என்றான். நம்பாமல் ஸ்கேன் எடுக்க அனுப்பினார்கள். தோள் நன்றாகவே இருந்தது.

"உனக்கு ஒரு கைதான் இருக்கிறது என்று எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. இதைச் சரிசெய்யாவிட்டால் கல்லூரிக்கு மேல் உன்னை யாரும் கூப்பிட மாட்டார்கள்" என்றார் பயிற்சியாளர்.

அன்று சாயங்காலம் என் அறைக்கு ரசம் சாதம் சாப்பிட வந்திருந்தான். மூஞ்சி தொங்கிப்போயிருந்தது. தயிர் வாங்கி வரச் சொல்லி கார் சாவியை அவனிடம் வீசினேன். அது அவனுக்கு இடப்பக்கமாகப் போயிற்று. இடது கை பக்கத்திலேயே சும்மா தொங்கிக்கொண்டிருக்க, அவன் சுழன்று வலது கையால் பிடித்தான்.

பகல் முழுவதும் திரையில் பார்த்த அதே திருப்பம். ஒரு வெங்காயத்தை எடுத்து வீசினேன். பிறகு எலுமிச்சம்பழம். அதே கதை.

"டேய், சின்ன வயசுல லெஃப்ட் ஹேண்ட்ல ஏதாச்சும் வாங்குனா வீட்ல என்ன சொல்லுவாங்க?"

அவன் எலுமிச்சம்பழத்தைப் பார்த்தான். என்னைப் பார்த்தான்.

"நோ வே."

"சொல்றா."

"அம்மா கையத் தட்டி விடுவா. 'அந்தக் கை இல்லை' எண்டு. கோயில்ல, பார்ட்டில, எவ்ரிவேர்."

"எங்கூட்லயும் அதேதான். மிட்டாய மறுபடி வாங்கிட்டு, நல்ல கையில குடுப்பாங்க."

அவன் சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தான். ஸ்கேன் எடுத்த டாக்டருக்கு இதை எப்படிச் சொல்வது என்று கேட்டுக் கேட்டுச் சிரித்தான். அப்புறம் ஸ்பீக்கரில் அம்மாவைக் கூப்பிட்டான்.

"அம்மா, என்ட கரியரையே நீங்க ஸ்பாயில் பண்ணிட்டீங்க."

"சாப்பிட்டியோ? முதல் அதைச் சொல்லு."

அவன் பாதி ஆங்கிலத்திலும் பாதி தமிழிலுமாக விஷயத்தைச் சொன்னான். மறுமுனையில் குரல் ஏறியது.

"உனக்கென்ன விசரே? நான் பந்தையே சொன்னனான்? விபூதி, பிரசாதம், பெரியாக்கள் தாறது, அதுகளைத்தான் வலக்கையாலை வாங்கு எண்டனான். பந்து என்ன பிரசாதமே?"

"என் கைக்கு அது தெரியாது, அம்மா!"

மறுமுனையில் குழாயை மூடும் சத்தம் கேட்டது.

"தம்பி, நீ இடக்கைப் பிள்ளையடா," என்றார் குமுதினி ஆன்ட்டி, மெதுவாக. "சின்னனிலை கரண்டி, பென்சில் எல்லாம் உந்தக் கையாலைதான் பிடிப்பாய். நான்தான் மாத்தினனான். மாத்த வேணும் எண்டு நினைச்சன். எல்லாரும் அப்பிடித்தானே செய்தவை."

கஜன் சிரிப்பை நிறுத்திவிட்டுத் தன் இடது உள்ளங்கையைப் பார்த்தான். கோபம் வரும் என்று எதிர்பார்த்தேன். "அப்ப இது ஏற்கெனவே எனக்குத் தெரிஞ்ச கை," என்றான்.

குளிர்கால விடுமுறைக்கு என்னையும் பேர்லேண்டுக்கு இழுத்துப் போனான். அந்த வீட்டில் புதுச் சட்டம் அமலில் இருந்தது. தேநீர்க் கோப்பையா, டிவி ரிமோட்டா, கஜனுக்கு எதுவும் இடது கையில்தான் கொடுக்கப்படும். வலது கையை நீட்டினால் குமுதினி ஆன்ட்டி தட்டிவிடுவார். "அந்தக் கை இல்லை!" சாயங்காலம் வேலையிலிருந்து வந்ததும், மருத்துவமனை உடுப்பைக்கூட மாற்றாமல் பின்கட்டுப் புல்வெளியில் நின்று அவனுக்கு டென்னிஸ் பந்துகளை எறிவார். குறி படுமோசம். பாதி பந்து பக்கத்து வீட்டு வேலியைத் தாண்டிப் போகும். ஓடிப்போய் எடுத்துவர நான் இருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நாகமணி ஆன்ட்டி என்பவர் வந்திருந்தார். கோயிலில் எல்லாருக்கும் நியாயம் சொல்பவர். குமுதினி ஆன்ட்டி மகனின் இடது கையில் வடைத் தட்டைக் கொடுத்ததும் அவருக்கு மூச்சே நின்றுவிட்டது.

"குமுதினி! நாளைக்குக் கலியாணம் பேசப் போற பிள்ளை. இதென்ன பழக்கம்?"

"அது ஹோம்வொர்க், அக்கா. நீங்களும் ஒண்டு அவன்ரை இடப்பக்கமா எறிஞ்சு விடுங்கோ."

நாகமணி ஆன்ட்டி எறியவில்லை. ஆனால் கிளம்பும்போது, யாரும் பார்க்காத நேரம் என்று நினைத்து, ஒரு மாண்டரின் ஆரஞ்சை அவன் இடப்பக்கம் உருட்டிவிட்டார். நான் பார்த்துவிட்டேன்.

ஒரே மாதத்தில் எதுவும் மாறிவிடவில்லை. முதலில் இருந்ததும் கெட்டது. எந்தக் கை என்ற குழப்பத்தில் வலப்பக்கப் பந்துகளையும் தவறவிட்டான். வசந்தகாலப் பயிற்சி வீடியோவில் அவன் தவறவிட்ட துண்டுகளே அதிகம். நான் வாயைத் திறந்திருக்கவே கூடாதோ என்று பலமுறை நினைத்தேன். எங்கள் குடும்பத்தில் நான்தான் முதல் பட்டதாரி. எனக்குத் தெரிந்த ஒரே வழி, போட்ட பாதையை விட்டு விலகாமல் நடப்பது. இவனோ இருப்பதையும் பிரித்துப்போட்டுத் திரும்பக் கட்டிக்கொண்டிருந்தான்.

கடைசி வருடம் அது கைகூடியது. இலையுதிர்காலத்தில் ஒரு வீடியோவில் உடம்பு திரும்பவில்லை. இடது கை மட்டும், கூப்பிட்டதும் வருகிற ஆள்போல, நீண்டுபோய்ப் பந்தை எடுத்துவந்தது. அந்தத் துண்டை யாரும் கேட்காமலே இரண்டு முறை வெட்டி வைத்தேன்.

இருந்தாலும் தொழில்முறை அணிகள் ஆண்டுதோறும் ஆட்களைத் தேர்ந்தெடுக்கும் நாளில் அவன் பெயர் வரவில்லை. தேர்வு முடிந்த பிறகு அமெரிக்காவின் மேற்குக் கடற்கரையிலிருந்து ஓர் அணி கூப்பிட்டது. வந்து கோடை முகாமில் ஆடு, பிடித்தால் வைத்துக்கொள்கிறோம் என்றார்கள். அதற்குள் பல் மருத்துவக் கல்லூரி ஒன்றில் இடமும் கிடைத்திருந்தது. வகுப்பைச் செப்டம்பர் வரை தள்ளிக் கொடுத்தார்கள், அதற்கு மேல் முடியாது என்றார்கள்.

எனக்கு அப்போது அந்த அணியின் ஊருக்குப் பக்கத்தில், சன்னிவேலில் வேலை. முகாமுக்கு விடுமுறை விடும் நாட்களில் கஜன் என் அபார்ட்மென்ட்டுக்கு வந்து சோபாவை நிறைத்துக்கொண்டு தூங்குவான். முன்னோட்ட ஆட்டங்களில் நன்றாகவே ஆடினான். கடைசி ஆட்டத்தில் மட்டும் ஒரு பந்துகூட அவன் பக்கம் வரவில்லை. ஓடினான், ஓடினான், வேறு யாரோ பிடித்தார்கள்.

ஆகஸ்ட் முடிவில் எல்லா அணிகளும் ஆட்களைக் கழிக்கும். முடிவு என்னவானாலும் பக்கத்தில் இருப்போம் என்று குமுதினி ஆன்ட்டி விமானம் ஏறி வந்திருந்தார். கஜன் ஒரு பையோடு கதவில் வந்து நின்றான்.

"கட் பண்ணிட்டாங்க."

ஆன்ட்டி பையை வாங்கி வைத்தார்.

மறுநாள் மதியம் எல் கமீனோ சாலையில் ஒரு தோசைக் கடையில் உட்கார்ந்திருந்தோம். அவன் ஃபோன் அடித்தது. அதே அணிதான். பயிற்சிக் குழுவில் சேர்கிறாயா என்று கேட்டார்கள். வாரம் முழுவதும் அணியோடு பயிற்சி எடுக்கலாம். ஆட்ட நாளில் ஓரமாக நிற்க வேண்டும். யாருக்காவது அடிபட்டால், அவர்களுக்குத் தோன்றினால், களத்தில் இறக்குவார்கள். இறக்காமலே வருடம் முடியவும் செய்யலாம். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டான்.

பல் மருத்துவ வகுப்பு அடுத்த வாரம். இதற்குச் சரி என்றால் அது போய்விடும்.

"அம்மா, எனக்கு இது வேணும்."

"என்னைக் கேக்கிறியோ, எனக்குச் சொல்லுறியோ?"

அவன் தண்ணீர் குடித்தான். "சொல்லுறன்."

"அப்ப ஏன் என்ரை முகத்தைப் பாத்துக்கொண்டிருக்கிறாய்? ஃபோனை எடு."

"அப்பா?"

"அப்பாட்டை நான் கதைக்கிறன். அவர்தானே அப்ளிகேஷனுக்கு எண்டு சேத்துவிட்டவர்."

அவன் வெளியே போய்ப் பேசினான். கண்ணாடிக்கு அப்பால் அவன் தலையாட்டுவது தெரிந்தது. ஆன்ட்டி தன் தோசையை வாயில் வைக்காமல் பிய்த்துக்கொண்டே இருந்தார். நான் என் வீட்டை நினைத்துக்கொண்டேன். இத்தனை வருடத்தில் அவர்களிடம் எதையாவது கேட்காமல், சொல்லியிருக்கிறேனா? இன்ஜினியரிங் அவர்கள் ஆசை. அமெரிக்கா எல்லாரும் போகிறார்கள் என்பதால். என் ஆசை என்ன என்று யாராவது கேட்டால் நானும் தண்ணீர்தான் குடிப்பேன். அந்தக் கேள்வி அன்று வலிக்கவில்லை. எனக்கும் ஒன்று இருக்கக்கூடும் என்பது புது யோசனையாக இருந்தது.

செப்டம்பர் போயிற்று. அக்டோபரும் போயிற்று. கஜன் வாரம் முழுவதும் அடிபட்டு, ஞாயிற்றுக்கிழமை ஓரத்தில் நின்றான். "பெஸ்ட் சீட் இன் த ஹவுஸ், ப்ரோ" என்பான். குரலில் அவ்வளவு நம்பிக்கை இருக்காது. நவம்பரில் ஒரு ரிசீவருக்கு முழங்கால் போனது. சனிக்கிழமை கஜன் கூப்பிட்டு ஒரே வார்த்தை சொன்னான். "நாளைக்கு."

குமுதினி ஆன்ட்டி அன்றிரவே வந்து இறங்கினார். அங்கிளுக்கு வேலைத்தளத்தை விட்டு வர முடியவில்லை. நிமிஷத்துக்கு ஒரு தடவை எனக்கு மெசேஜ் அனுப்பிக்கொண்டிருந்தார்.

எங்கள் இருக்கை வானத்துக்குப் பக்கத்தில் இருந்தது. ஆட்டத்தின் மூன்றாம் கால்பகுதியில் கஜனை இறக்கினார்கள். ஆன்ட்டி என் முழங்கையைப் பிடித்தவர் விடவில்லை. பந்து அவனுக்கு வரவில்லை. அடுத்ததும் வரவில்லை. பிறகு அவன் அணியில் ஒருவர் பந்தை வைத்துக்கொண்டு ஓர ஓரமாகவே ஓடி எதிரணியின் முனைக்கோட்டைத் தாண்டிப் புள்ளி எடுத்தார். அரங்கமே எழுந்தது.

"எங்கடை பிள்ளைக்கு ஒண்டும் எறியேல்லையே, தம்பி?"

"ஆன்ட்டி, பெரிய திரையில மறுபடி போடுறாங்க, பாருங்க. ஓடுறவர விட்டுட்டு, அவருக்கு முன்னால பாருங்க."

திரையில் கஜன் தன்னைவிட இரு மடங்கு இருந்த ஒருவனை நெஞ்சோடு நெஞ்சு முட்டி, பக்கக்கோட்டுக்கு வெளியே வரை தள்ளிக்கொண்டே போனான். அவர்கள் இருவரும் விழுந்ததால் திறந்த இடைவெளியில்தான் மற்றவர் ஓடினார்.

"அவன் அந்தாளத் தடுக்கலீன்னா இது நடந்திருக்காதுங்க."

ஆன்ட்டி முன்வரிசைக்காரரின் தோளைத் தட்டினார். அந்த மனிதர் பாப்கார்னோடு திரும்பினார். "தட் இஸ் மை சன்," என்றார் ஆன்ட்டி. "த ஒன் ஹூ ஃபெல் டவுன்."

ஆட்டம் முடிந்து, குடும்பத்தினர் காத்திருக்கும் இடத்துக்கு அவன் வந்தபோது உதடு வீங்கியிருந்தது. முகம் முழுக்கச் சிரிப்பு. ஆன்ட்டி உதட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார், தையல் வேண்டாம் என்று தீர்ப்புச் சொன்னார்.

"அடுத்த கிழமையும் விடுவாங்களோ?"

"தெரியாது, அம்மா. சனிக்கிழமைதான் சொல்லுவாங்க."

ஆன்ட்டிக்கு மறுநாள் காலை விமானம். கைப்பையிலிருந்து ஃபோனை எடுத்தார், கண்ணாடியை மாட்டினார்.

"ஜேபி தம்பி, இந்த டிக்கெட்டை எங்கை மாத்திறது எண்டு ஒருக்கால் காட்டுங்கோ. சனிக்கிழமை வரைக்கும் நான் நிக்கிறன்."