முக்காடு விலகிய ஈஸ்டர்

மகள் ஃபோனைப் பார்த்துப் படித்தாள். "ரிவீல்னா மறைஞ்சிருக்கிறத வெளிய காட்டுறது. லத்தீன்ல முக்காட்ட விலக்குறதுன்னு அர்த்தமாம், அம்மா."

எனக்குச் சாம்பிராணி மணத்தது.

சின்ன வயதில் நாங்கள் போன காக்ஸ் டவுன் மாதா கோயிலில் தவக்காலக் கடைசியில் சுரூபங்களை ஊதாத் துணியால் மூடிவிடுவார்கள். ஈஸ்டர் காலையில் துணியெல்லாம் போய் மாதா முகம் பளிச்சென்றிருக்கும். ஒரு வருஷம் பூசை முடிந்தும் அம்மா மட்டும் சேலை முக்காட்டை எடுக்கவில்லை.

"இன்னுமா தவக்காலம், அண்ணி?" அப்பாவின் தங்கை சிரித்துக்கொண்டே அதை விலக்கினாள்.

அம்மாவின் இடது கண் வீங்கி, அந்த ஊதாத் துணியின் நிறத்தில் கன்றியிருந்தது. வாசலில் நின்ற எல்லோரும் பார்த்தார்கள். அப்பா ஸ்கூட்டரைத் துடைத்துக்கொண்டிருந்தார். அத்தை அவரை ஏதாவது கேட்பாள் என்று காத்திருந்தேன்.

அவள் முக்காட்டைப் பழையபடி இழுத்துவிட்டு, காதோரம் செருகினாள். "ஹேப்பி ஈஸ்டர், அண்ணி."

"ஒரு உதாரணம் சொல்லும்மா," என்றாள் மகள்.

ஹாலில், மாலை போட்ட படத்தில் அவளுடைய தாத்தா சிரித்துக்கொண்டிருந்தார்.

"அடுத்த வார்த்தைய படி," என்றேன்.