நொண்டாமல் நடந்த நாட்கள்

கர்த்தருக்குள் அன்பானவர்களே, குதிக்காலைப் பற்றிச் சாட்சி சொல்ல வந்திருக்கிறேன். சிரிக்கிறவர்கள் சிரிக்கலாம். நோவு வந்தவர்களுக்குத் தெரியும்.

நான் கப்பல்துறை என்கிற ஊரில் இருக்கிறேன். உப்புவெளியில் ஒரு விருந்தினர் விடுதியில் அறைகள் சுத்தம் செய்வது என் வேலை. மூன்று மாடி, எல்லாம் படி. வீட்டில் உழைக்கிறவள் நான் ஒருத்திதான். போன வருடம் மாசி மாதம் வலது குதிக்காலுக்கு மேலே, அந்தத் தடித்த நரம்பில் நோவு தொடங்கியது. நரம்பில்லை, தசைநார் என்று பிறகு சொன்னார்கள். காலையில் கட்டிலை விட்டு இறங்கினால் முதல் அடியிலேயே உயிர் போகும். முதலாளி முகத்துக்கு நேரே சொன்னார்: “அக்கா, ஏலாது எண்டால் சொல்லுங்கோ. வேற ஆளைப் பாப்பம்.”

ஆஸ்பத்திரியில் பிசியோதெரபிக்கு அனுப்பினார்கள். அங்கே நஸ்ரின் மிஸ் பயிற்சி காட்டித் தந்தார். இரண்டு தரம் போனேன். அதற்குள் எங்கள் உபவாச ஜெபம் வந்தது. ஜெபக்குழுவை நடத்துகிற ரூபி அக்கா என் காலைப் பிடித்து ஜெபித்தார். என் பிள்ளைக்குப் பெயர் வைத்தவர் அவர். அவருடைய கைச்சூட்டில் நோவு குறைந்த மாதிரி இருந்தது.

“எழும்புங்கோ தங்கச்சி. சுகம் எண்டு விசுவாசத்தோட சொல்லுங்கோ.”

சொன்னேன். எல்லாரும் கைதட்டினார்கள்.

அன்றிலிருந்து எனக்கு நொண்ட உரிமை இல்லை. சுகமானவள் எப்படி நொண்டுவது? சபையாரைக் கண்டால் பல்லைக் கடித்துக்கொண்டு நேராக நடந்தேன். பயிற்சிக்கும் போகவில்லை. போனால் அவிசுவாசம் என்று நானே முடிவு செய்தேன். அந்த முட்டாள்தனம் என்னுடையது. அதை யார் தலையிலும் போட மாட்டேன்.

ஒரு மாதத்தில் காலை ஊன்றவே முடியவில்லை. ரூபி அக்காவின் குசினியில் அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்து அழுதுகொண்டே உண்மையைச் சொன்னேன். “ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதேங்கோ அக்கா.”

“எனக்கென்ன விசர் பிடிச்சிருக்கே? நான் சொல்லுவனே?”

வந்த வெள்ளிக்கிழமை கூட்டத்தில் ஜெபக்குறிப்புகளை வாசித்தார். கடைசிக் குறிப்பு: “பொய்ச் சாட்சி சொன்ன ஒரு சகோதரிக்காக ஜெபிப்பம்.” பெயர் சொல்லவில்லை. தேவையும் இல்லை, எல்லாருடைய கண்ணும் என் காலில் இருந்தது. நம்பிச் சொன்னதை ஜெபத்தின் பெயரில் காட்டிக்கொடுத்துவிட்டார். கூட இருந்தே குழி பறித்தார். கால் நோவைவிட அது நொந்தது. இன்றைக்கும் நோகிறது.

வீட்டுக்கு வந்து கதவைப் பூட்டிக்கொண்டு கேட்டேன்: “ஆண்டவரே, நீரும் அவவோட சேர்ந்திட்டீரே? வேலை போனால் பிள்ளையை எப்பிடிப் பாப்பன்? நடக்க ஒரு வழி காட்டும்.”

மறுநாள் பஸ்ஸில் என் பக்கத்தில் வந்து இருந்தவர் நஸ்ரின் மிஸ்! “கனநாளாக் காணல்ல. ஏன் வரல்ல?” எல்லாவற்றையும் கொட்டினேன். ஏசவில்லை. “திங்கக்கிழமை வாங்க. முதல்ல இருந்து தொடங்குவம்” என்றார். அதுதான் என் ஜெபத்துக்கு வந்த பதில். கேட்டது அற்புதம், கிடைத்தது வீட்டுப்பாடம்.

பயிற்சி இதுதான்: படி விளிம்பில் முன்பாதத்தை வைத்து, இரண்டு காலாலும் எம்பி, நோகிற காலில் நின்று மெதுவாகக் குதிக்காலை இறக்க வேண்டும். கொஞ்சம் நோகலாம். அடுத்த நாள் காலை கூடுதலாக நொந்தால் எண்ணிக்கையைக் குறைக்க வேண்டும். மூன்று வாரம் ஒரு மாற்றமும் இல்லை. ஒவ்வொரு முறை இறக்கும்போதும் ரூபி அக்காவை மனதுக்குள் ஏசினேன். அதையும் ஆண்டவர் கேட்டுக்கொண்டுதான் இருந்திருப்பார்.

நான்காம் மாதம் ஒரு நாள், துவைத்த விரிப்புகளோடு மூன்றாம் மாடிக்கு வந்து நின்ற பிறகுதான் கவனித்தேன். வழியில் சுவரைப் பிடிக்கவே இல்லை. அந்த விரிப்புகளுக்குள் முகத்தைப் புதைத்து ஸ்தோத்திரம் சொன்னேன். வேலை இன்னும் எனக்கு இருக்கிறது.

போன மாதம் சபையில் எழும்பி நின்றேன். “அண்டைக்குச் சுகம் எண்டு சொன்னது பிழை. இண்டைக்கு முக்கால்வாசி சுகம். மழைக்குளிருக்கு இன்னும் நோகும்.” ரூபி அக்கா தலை நிமிராமல் வேதத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

நோவோடு இருக்கிறவர்களே, ஆண்டவரை நம்புங்கள். அவருக்கு முன்னால் நேராக நடந்து காட்டத் தேவையில்லை, நொண்டிக்கொண்டே வாருங்கள். அவர் பயிற்சி தந்தால் அதையும் ஒழுங்காகச் செய்யுங்கள்.

ரூபி அக்காவை மன்னித்துவிட்டீர்களா என்று கேட்கிறார்கள். இன்னும் இல்லை. அதற்காகவும் தினமும் ஜெபிக்கிறேன். ஆனால் இந்த முறை, உண்மையாகவே சுகமான பிறகுதான் சாட்சி சொல்லுவேன்.