ரெஃப்ரியின் இடது கால்

நடந்தவை இந்த வரிசையில்:

1. ஞாயிறு மாலை, ஆவடியில் கால்பந்து இறுதி ஆட்டம். அம்பத்தூர் எஸ்டேட்டின் தொழிற்சாலை அணி ஒன்றுக்கும் நெமிலிச்சேரி அணிக்கும். ரெஃப்ரி, என்னைப் பெற்ற அத்தா.
2. முடிய நான்கு நிமிடம் இருக்கையில் தொழிற்சாலை அணிக்குக் கார்னர். அதுவரை இரு பக்கமும் கோல் இல்லை.
3. கோல்கீப்பர் குத்தித் தள்ளிய பந்து கூட்டத்துக்குள் விழுந்தது. அங்கிருந்து வலைக்குள் போனது.
4. அத்தா விசில் ஊதி மைதானத்தின் நடுவைக் காட்டினார். கோல்.
5. பந்து ரெஃப்ரியின் காலில் பட்டுத்தான் உள்ளே போனது என்று நெமிலிச்சேரிக்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள். பட்டிருந்தால் அது கோல் ஆகாது. ஆட்டத்தை நிறுத்தி, கோல்கீப்பரிடம் பந்தைப் போட்டு மறுபடி தொடங்க வேண்டும்.
6. படவில்லை என்று அத்தா கால்பந்துச் சங்கத்துக்கு அறிக்கை எழுதிக் கொடுத்தார்.
7. நான் கேலரியில் உட்கார்ந்து அதைக் கைபேசியில் எடுத்திருந்தேன்.

மென்பொருளில் பிழை தேடுவது என் வேலை. முதலில் நடந்ததை எழுது, காரணத்தைப் பிறகு தேடு என்று எங்களைப் பழக்கியிருக்கிறார்கள். ஏழு குறிப்பையும் எழுதிய பிறகு இன்னொன்று மிச்சமிருந்தது. அது ஆட்டத்துக்கு முந்தைய வியாழக்கிழமை நடந்தது என்பதால் வரிசையில் முதலில் வர வேண்டியது. எழுதக் கை வரவில்லை. அன்று தொழிற்சாலை அணியின் மேனேஜர் பூந்தமல்லியில் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். அத்தாவோடு ஒரு காலத்தில் ஒரே அணியில் ஆடியவர், தூரத்து உறவும்கூட. இருவரும் மொட்டை மாடியில் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் டீயோடு ஏறிப் போனதும் பேச்சு நின்றுவிட்டது.

அத்தா அந்தத் தொழிற்சாலை அணிக்குப் பதினோரு வருடம் ஸ்ட்ரைக்கராக ஆடியவர். நான் சிறுமியாக இருந்தபோது பார்த்த ஆட்டங்களில் அவர் அதிகம் ஓடியதாக நினைவில்லை. பந்து எங்கே வரும் என்று முன்கூட்டியே தெரிந்தவர்போல் அங்கே போய் நிற்பார். "பாய் ஓடமாட்டாரு, பந்துதான் அவரத் தேடிகினு வரும்" என்று பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்கள் சொல்வார்கள். முட்டி கெட்டுப்போன பிறகு ரெஃப்ரி பரீட்சை எழுதினார். பயிற்சியின் முதல் வாரத்திலேயே பயிற்சியாளர் அவரைத் தனியாக இழுத்து, "யோவ், நீ ரெஃப்ரியா நிக்கல, பாஸ் கேட்டுகினு நிக்கிற. ரெண்டடி வெளிய வா" என்று கத்தினாராம். அதை அவரே வீட்டில் நடித்துக் காட்டிச் சிரித்தார். ஆனால் அந்த இரண்டடியை அவர் கடைசிவரை விட்டுக்கொடுக்கவில்லை. கார்னர் என்றால் கால் அவரைப் பழைய ஸ்ட்ரைக்கர் இடத்திலேயே கொண்டுபோய் நிறுத்திவிடும். மற்றபடி நேர்மையில் மிகக் கறாரானவர் என்றுதான் நான் நம்பியிருந்தேன். ஆட்டத்தன்று பழைய நண்பர்களின் பைக்கில் ஏறமாட்டார்; பஸ்ஸில்தான் போவார். எந்த அணியின் தண்ணீரையும் வாங்கிக் குடிக்கமாட்டார். அப்படிப்பட்டவரின் வீட்டு மாடியில் மேனேஜர் உட்கார்ந்திருந்தார் என்பதுதான் என்னை அரித்தது.

வீடியோவை வேகம் குறைத்துப் பார்த்தேன். பந்து அவர் காலில் படவில்லை. கால்தான் பந்திடம் போனது. இடது கால், கணுக்கால் வெளிப்பக்கம் திரும்பி, உள்பக்கத்தால் ஒரு தட்டு. தவறிப்போய்ப் படும் கால் அப்படித் திரும்பாது. அதற்குப் பிறகு வீட்டில் எல்லாமே வேறு மாதிரி தெரிந்தது. போனை ஏன் கவிழ்த்து வைக்கிறார்? சென்னீர்குப்பம் வரை போனவர் ஏன் இவ்வளவு தாமதமாக வருகிறார்? ஒவ்வொன்றையும் மனதில் குறித்துக்கொண்டேன். பெற்ற தகப்பனை வேவு பார்ப்பது கூச்சமாக இருந்தது. நிறுத்தவும் முடியவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை இட்லி வைக்கும்போது கேட்டேன்.

"அத்தா, வியாழக்கிழமை மாடியில இன்னா பேசினீங்க?"

"இன்னாமா, வேலைய உட்டுட்டு போலீஸ்ல சேந்துட்டியா?"

"சொல்லுங்க."

அவர் அம்மாவைப் பார்த்தார். "அவன் பையனுக்கு உன்னக் கேட்டான். ஆட்டம் முடியட்டும், அப்பறம் பேசலாம்னு சொல்லி அனுப்பிட்டேன்."

அவர் அதை ஒழுங்கான பதில் என்று நினைத்துச் சொன்னார். எனக்கு அது இன்னும் மோசமாகப் பட்டது. சம்பந்தம் பேச வந்தவரின் அணிக்கு அவர் காலிலிருந்தே கோல் போயிருக்கிறது. கைபேசியை அவர் முன்னால் வைத்தேன். ஒருமுறை பார்த்தார். "திருப்பிப் போடு" என்றார். அம்மா கரண்டியோடு வந்து அவர் தோளுக்குப் பின்னால் நின்று பார்த்தார்.

"இந்தக் கோல நான் பாத்திருக்கேனே. கல்யாணமான புதுசுல இப்டித்தான் ஒண்ணு தட்டி உட்டுட்டு, கேலரில எங்க கீறேன்னு என்னத் தேடுனாரு."

அத்தா சிரிக்கவில்லை. "பந்து பட்டதே எனக்குத் தெரிலமா" என்றார்.

கண்ணை மூடிக்கொண்டு நின்றாலும் பந்து காலின் எந்த இடத்தில் பட்டது என்று சொல்லிவிடுவேன் என்று பெருமை பேசியவர் அவர். அதை நான் அங்கேயே சொன்னேன். இட்லித் தட்டை நகர்த்திவிட்டு ஒரு வெள்ளைத் தாள் கேட்டார். "என் இடது கால் சென்று பந்தைத் தட்டியது. கோல் செல்லாது. முதல் அறிக்கையில் எழுதியது தவறு" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். என் கைபேசியையும் வாங்கிக்கொண்டு, சங்கத்து ஆட்களைப் பார்க்கத் தனியாகவே பஸ் ஏறினார். அந்தத் தாளோடு விசிலும் போய்விடும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

இறுதி ஆட்டத்தை மறுபடி நடத்தினார்கள், நெமிலிச்சேரி ஜெயித்தது. அத்தாவை ஒரு வருடம் விலக்கிவைத்திருக்கிறார்கள். மேனேஜர் போனை எடுப்பதில்லை. சம்பந்தப் பேச்சும் அதோடு நின்றுபோனது. அதில் எனக்கு வருத்தமில்லை. டீக்கடைக்காரர் மட்டும், "இன்னா பாய், அடுத்த கோல் எந்த டீமுக்கு?" என்று தினமும் கேட்கிறார். அத்தா டீயைக் குடித்துவிட்டு வருகிறார்.

நான் வீடியோ எடுக்காமல் இருந்திருந்தால் அந்த இரண்டாவது அறிக்கையை அவர் எழுதியிருப்பாரா என்பது எனக்குத் தெரியாது. இன்றுவரை கேட்கவில்லை. கேட்டால் சொல்வார். அதை நான் நம்புவேனா என்பதுதான் தெரியவில்லை.